மைக்கின் மேல் சிவப்புக் கோடு

நாலு எழுத்து அடித்தால் கப்பலுக்குள் போய்விடலாம் என்று ஜெஸிந்தா வாட்ஸ்அப் குழுவில் போட்டிருக்கிறாள், அந்த நாலு எழுத்தையும் போட்டிருக்கிறாள், நான் மூன்றை அடித்துவிட்டு நாலாவதற்கு மேலே விரலைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன். இறங்க மாட்டேன் என்கிறது. என் விரல்தான், நான் சொன்னால் கேட்க வேண்டியதுதான், ஆனாலும் இது என்னதான் செய்யப் போகிறது பார்ப்போம் என்று அதையே வேடிக்கை பார்த்துக்கொண்டிருக்கிறேன். ஞாயிற்றுக்கிழமை மதியம். இவர் ஆட்டுக்கறி தின்ற களைப்பில் உள்ளறையில் தூங்குகிறார். மேல்வீட்டில் யாரோ நாற்காலியை இழுக்கிறார்கள். ஒசூரில் இந்த நேரத்துக்கு வெயிலும் இருக்காது, மழையும் இருக்காது, ஜன்னலுக்கு வெளியே எதிர் பிளாக்கின் கொடியில் ஒரு சிவப்பு நைட்டி மட்டும் ஆடிக்கொண்டிருக்கும். வீடு இவ்வளவு அமைதியாக இருப்பதற்குக் காரணம் தூக்கம் மட்டும் இல்லை. எனக்கு ஆபரேஷன் ஆகி வந்ததிலிருந்து இவரும் மெல்லப் பேச ஆரம்பித்துவிட்டார். என்னால் சத்தமாகப் பேச முடியாது, சரி, இவருக்கு என்ன கேடு? நான் கிசுகிசுத்தால் இவரும் கிசுகிசுக்கிறார். சாம்பாரில் உப்பில்லை என்பதைக்கூடக் கோயில் கருவறைக்கு முன்னால் நின்று சொல்வது மாதிரி சொல்கிறார். ஒரு நாள் கேட்டேன், நீங்க ஏன் இப்படிப் பேசுறீங்க என்று. எப்படி, என்றார், அதே கிசுகிசுப்பில். அவருக்கே தெரியவில்லை. மனுஷனுக்குக் குரல் இப்படித் தொற்றிக்கொள்ளும் என்று எனக்கு இதற்கு முன் தெரியாது. இப்போது எங்கள் வீட்டில் மிக்ஸிதான் தைரியமாகப் பேசுகிறது.

தைராய்டில் கட்டி. நல்ல கட்டிதான், கெட்டது இல்லை என்று பரிசோதனையில் வந்துவிட்டது, அதற்குச் சாமிக்குத் தேங்காய் உடைத்தாயிற்று. ஆனால் குரலுக்குப் போகும் நரம்பு அந்தக் கட்டியோடு ஒட்டிக் கிடந்ததாம். அறுப்பதற்கு முன்பே டாக்டர் காகிதத்தில் படம் போட்டுச் சொல்லியிருந்தார், குரலுக்கு ரெண்டு கதவு உண்டும்மா, ரெண்டும் சேர்ந்து மூடினால்தான் சத்தம், ஒரு கதவு அசையாமல் போய்விடலாம் என்று. போய்விட்டது. தூங்குகிறது என்கிறார், எழுந்தாலும் எழும், எழாவிட்டால் இன்னொரு சின்ன சிகிச்சை இருக்கிறது, கொஞ்ச காலம் பொறுத்துப் பார்க்கலாம் என்கிறார். ஒரு கதவை வைத்துக்கொண்டு நான் பேசுகிறேன். பாதி காற்றாகப் போகிறது, மீதிதான் சொல்லாக வருகிறது. அந்த மீதியும் என்னுடையதாக இல்லை என்பதுதான் விஷயம். கனமாக, கரகரப்பாக, இடையில் இரண்டாகப் பிளந்து, ஒரே நேரத்தில் இரண்டு பேர் பேசுவது போல. முதல் தடவை போனில் பதிவு செய்து கேட்டபோது பயப்படவில்லை, அழவும் இல்லை, யார் இது என்று கேட்டேன். நிஜமாகவே கேட்டேன். கடைசி டிரிப்பில் வரும் ஒரு கண்டக்டர், ஐம்பது வயசு இருக்கும், வெற்றிலை போடுவார், நல்ல மனிதர், ஆனால் சில்லறை தர மாட்டார். இப்படி ஒரு ஆள் எனக்கு எதிரே வந்து நின்றார். அந்த ஆள் எனக்குள் எப்படி வந்தார்? இத்தனை வருஷமும் உள்ளேதான் உட்கார்ந்திருந்தாரா, அல்லது ஆபரேஷன் டேபிளில் ஏறினாரா? கொரியர்காரர் போனில் "அண்ணா, கேட் தொறங்கண்ணா" என்கிறார். நான் திருத்துவதில்லை. அண்ணனாகவே போய்க் கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொள்கிறேன், அவர் என் முகத்தைப் பார்த்து, போனைப் பார்த்து, மறுபடி முகத்தைப் பார்க்கிறார். இதெல்லாம் எனக்குப் பொறுத்துக்கொள்ளக்கூடியதுதான், சில நாள் சிரிப்பும் வருகிறது. பொறுக்க முடியாதது வேறு. தெரிந்தவர்கள் முதல் தடவை கேட்கும்போது ஒரு நொடி நின்றுவிடுகிறார்களே, அது. பேச்சு நடுவில் ஒரு ஓட்டை. பிறகு அந்த ஓட்டையை மூடுவதற்காக அவசரமாக ஏதோ சொல்வார்கள், அதுவும் தன் குரலைத் தாழ்த்திக்கொண்டு, மெதுவாக, ஒவ்வொரு சொல்லாக, எனக்குக் காதும் போய்விட்ட மாதிரி. என் சித்தி பையன் செய்தான். ஆபீஸில் எல்லாரும் செய்தார்கள். அந்த ஒரு நொடிக்குப் பிறகு அவர்கள் பழைய அரசியோடு பேசுவதில்லை, ஒரு நோயாளியோடு பேசுகிறார்கள்.

மங்கையர்க்கரசி என்பது முழுப்பெயர், அரசி என்று சுருக்கியது இந்த மூன்று பேர்தான். ஜெஸிந்தா, ஷமீலா, வேம்பு. பெரம்பூரில் ஒரு வேலைக்குப் போகிற பெண்கள் விடுதியில் ஒரே அறையில் நாலு கட்டில் போட்டு இருந்தோம், கல்யாணம் ஆகி ஆளுக்கொரு திசையில் சிதறும்வரை. மூன்றாம் மாடி ஜன்னலிலிருந்து கத்தித் தெருமுனையில் பஸ்ஸை நிறுத்தி வைப்பது என் வேலை. ஓட்டுநர் அண்ணாந்து பார்த்துவிட்டு நிறுத்துவார், மூன்று பேரும் தலையைக்கூட வாராமல் படியில் ஓடுவார்கள். அவர்களுக்கு நான் என்றால் அந்தச் சத்தம்தான். ஆபரேஷன் விஷயம் தெரியும், கட்டி நல்லது என்பது தெரியும், பேசக் கூடாது என்று டாக்டர் சொன்னதும் தெரியும், குரல் இப்படி ஆனது மட்டும் தெரியாது. அந்தக் கெடு முடிந்த பிறகும் நான் பேசவில்லை என்பதுதான் அவர்களுக்குப் புரியவில்லை. கூப்பிட்டால் எடுப்பதில்லை, பிறகு கையால் அடித்து அனுப்புகிறேன், கூட்டத்தில் இருந்தேன், குளித்துக்கொண்டிருந்தேன், சார்ஜ் இல்லை. எவ்வளவு நேரம்தான் ஒருத்தி குளிப்பாள்? கோபமாக இருக்கிறேன் என்று மூன்று பேரும் சேர்ந்து முடிவு கட்டிவிட்டார்கள். ஆஸ்பத்திரிக்கு யாரும் வந்து பார்க்கவில்லை என்ற கோபமாம். ஜெஸிந்தா தனியாக எழுதிக் கேட்டாள், எங்க மேல வருத்தமாடி என்று. அதெல்லாம் ஒண்ணும் இல்ல என்று அடித்தேன். அதெல்லாம் ஒன்றும் இல்லை என்று ஒருத்தி எழுதினால் கோபம் உச்சியில் இருக்கிறது என்று அர்த்தம், இது எந்தப் பெண்ணுக்குத் தெரியாது? ஷமீலா தோஹாவிலிருந்து பேரீச்சம்பழம் அனுப்பினாள். வேம்பு அம்பாசமுத்திரத்திலிருந்து, அவளுக்கு மன்னிப்பெல்லாம் கேட்கத் தெரியாது, தன் வீட்டு மாமரத்தைப் போட்டோ எடுத்து அனுப்பினாள். அப்புறம்தான் போனில் சேர்ந்து ஆடுகிற இந்தக் கப்பல் விளையாட்டு. அவர்கள் மூன்று பேரும் கொஞ்ச காலமாக ஞாயிறு மதியத்தில் விளையாடுவது எனக்குத் தெரியும், குழுவில் அதைப் பற்றித்தான் சண்டையே நடக்கும். இந்த வாரம் நீயும் வா, நாலு பேர் இருந்தால்தான் நல்லா இருக்கும், ஒண்ணும் பேச வேண்டாம் சும்மா விளையாடு என்று ஜெஸிந்தா எழுதினாள். சமாதானம் பேச வருகிறவள் பேச வேண்டாம் என்று சொல்வது எனக்குப் பிடித்திருந்தது. காரைக்காலில் கணக்கு டீச்சர் அவள், சுற்றி வளைத்து விடைக்கு வருவாள். சரி, நான் பேசிவிட்டால் என்ன ஆகும்? அந்த நொடி இவர்களுக்கும் வருமா? இவர்களுக்கு மட்டும் வராமல் போக என்ன காரணம் இருக்கிறது? வந்துவிட்டால் அதற்குப் பிறகு எனக்கு எங்கே போய் நிற்பது என்று தெரியவில்லை. வருமா வராதா, வருமா வராதா என்று நினைத்துக்கொண்டே இருந்ததில் விரல் தானாக இறங்கிவிட்டது.

நீல வானம், நீலக் கடல், நடுவில் ஒரு கப்பல். மேல்தளத்தில் மூன்று குண்டுப் பொம்மைகள் தொப்பி வைத்துக்கொண்டு நிற்கின்றன. பச்சை ஜெஸிந்தா, ஊதா ஷமீலா, மஞ்சள் வேம்பு. தொப்பென்று மேலிருந்து நான் விழுகிறேன், எனக்கு ஆரஞ்சு நிறம் கொடுத்திருக்கிறார்கள். காதில் ஒரே கூச்சல். "வந்துட்டாடி!" "ஏட்டி அரசி! ஏட்டி!" "எங்க, எங்க, எனக்குத் தெரியலயே." "அந்தா நிக்கா பாரு, ஆரஞ்சு." மூன்று பொம்மையும் என்னைச் சுற்றிக் குதிக்கின்றன. எனக்குக் கண் எரிந்தது, இதை எதிர்பார்க்கவில்லை. நானும் குதித்தேன், எந்தப் பொத்தான் என்று தேடிக் கண்டுபிடித்து. திரையின் ஓரத்தில் என் பெயருக்குப் பக்கத்தில் ஒரு சின்ன மைக், அதன் குறுக்கே சிவப்புக் கோடு. அதைத் தொட்டால் கோடு போய்விடும், அவ்வளவுதான். ஒரு தொடல். வந்துட்டேன் என்று கையால் அடித்தேன், என் பொம்மையின் தலைக்கு மேல் அது ஒரு வெள்ளைக் கட்டத்தில் தோன்றி மறைந்தது. "மைக்கைப் போடுடி," என்றாள் ஷமீலா. வேலை செய்யல என்று அடித்தேன். மூன்று பேரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டிருப்பார்கள், பொம்மைகளுக்குக் கழுத்து இல்லை என்றாலும் எனக்கு அது தெரிந்தது. இன்னும் கோபம்தான் என்று நினைக்கிறார்கள். "பரவால்ல, பரவால்ல," என்று ஜெஸிந்தா வகுப்பை ஆரம்பித்தாள். "இப்ப கேளு அரசி. கீழ சமையல்கட்டு இருக்கு. மூணு பேர் சமைக்கணும், நறுக்கணும், கிண்டணும், தட்டுல வைக்கணும். ஒருத்தி பூனை. யாரு பூனைன்னு அவளுக்கு மட்டும்தான் தெரியும். அவளும் சமைக்கிற மாதிரியே நடிச்சுக்கிட்டு, ஆள் இல்லாதப்ப தட்டுல இருக்கறதத் தின்னுடுவா. தட்டு காலியா இருக்கறதப் பாத்தா மணி அடிக்கலாம், எல்லாரும் மேசைக்கு வந்துடணும். யார் மேல சந்தேகமோ அவ எந்திரிச்சு, எங்க நின்னேன் என்ன செஞ்சேன்னு சொல்லணும். அப்பறம் ஓட்டு." "மூச்ச சொல்லு, மூச்ச," என்றாள் வேம்பு. "ஆங், ஒரே மூச்சுல சொல்லணும். நடுவுல மூச்சு எடுத்தா அவதான் பூனைன்னு கடல்ல போட்டுடுவோம். அது கேம்ல கெடையாது, நாங்க வச்ச சட்டம். இந்த ஷமீலா வக்கீல் மாதிரி அரைமணி நேரம் பேசுறா, அதுக்காக வச்சது. எழுதிக் காட்டறதும் செல்லாது." ஒரே மூச்சு. குரல் சிகிச்சைக்குப் போகிற இடத்தில் ஒரு பெண் ஆ என்று இழுக்கச் சொல்வாள், நான் இழுப்பேன், மூன்று எண்ணுவதற்குள் காற்று தீர்ந்துவிடும். ஓட்டை பலூன் நான். உலகத்தில் எத்தனையோ சட்டம் இருக்க, இவர்கள் போயும் போயும் இதைத்தான் கண்டுபிடித்து வைத்திருக்கிறார்கள். எனக்குத் தெரியாமல், என்னைக் குறி வைக்காமல், வெறும் விளையாட்டாக. இதில் கோபிக்கவும் வழியில்லை.

முதல் ஆட்டத்தில் நான் சமையல்காரி. திரையில் ஒரு கரண்டி வந்தது, அப்பாடா என்று இருந்தது. வெங்காயம் நறுக்கும் பலகைக்குப் போனேன், பொத்தானைத் தட்டத் தட்ட வெங்காயம் துண்டாகிறது, கண் எரியவில்லை, இது ஒரு நல்ல விஷயம். பக்கத்தில் மஞ்சள் பொம்மை வந்து நின்று எதையோ கிண்டியது. வேம்பு எனக்குப் பக்கத்தில் நிற்கிறாள் என்று நினைத்தேன். அம்பாசமுத்திரத்தில் எங்கேயோ ஒரு வீட்டில் போனை வைத்துக்கொண்டு இருக்கிறாள், ஆனாலும் இங்கே என் தோளுக்குப் பக்கத்தில் நிற்கிறாள், நான் நகர்ந்தால் வழி விடுகிறாள். பேசாமல் பக்கத்தில் நிற்பது இவ்வளவு சுகமாக இருக்கும் என்று தெரிந்திருந்தால் எப்போதோ வந்திருப்பேன். இப்படியே கொஞ்ச நாள் ஓட்டிவிடலாமே? ஞாயிறுதோறும் வெங்காயம் நறுக்கலாம், தலைக்கு மேல் வெள்ளைக் கட்டத்தில் பேசலாம். அவர்களும் பழகிவிடுவார்கள். கோபக்காரி என்றே வைத்துக்கொள்ளட்டும், கோபக்காரிக்குக் கிடைக்கிற மரியாதை நோயாளிக்குக் கிடைக்காது. ஆனால் எத்தனை நாளைக்கு? ஷமீலா அடுத்த வருஷம் ஊருக்கு வருவாள், நாலு பேரும் சந்திக்கலாம் என்பாள். மேசைக்கு எதிரே உட்கார்ந்துகொண்டு வாட்ஸ்அப்பில் அடிக்க முடியுமா? மணி அடித்தது. ஜெஸிந்தா வைத்த மீன் தட்டு காலி. சந்தேகம் ஷமீலா மேல். "நான் எந்த மீனையும் பாக்கவே இல்ல நான் அரிசி கழுவிக்கிட்டு இருந்தேன் அந்தப் பக்கம் யாரோ போனாங்க அது வேம்புவா இருக்கலாம் இல்லாமலும் இருக்கலாம் எனக்கு மீனே ஒத்துக்காது உங்களுக்கே தெரியும்..." என்று இழுத்துக்கொண்டே போய், தோஹாவில் ஒருத்தி மூச்சுத் திணறினாள், ஹக் என்று ஒரு சத்தம் வந்தது. "போடு கடல்ல!" என்றாள் வேம்பு. ஊதாப் பொம்மை பறந்து போய்த் தண்ணீரில் விழுந்தது. பூனை அவளில்லை, வேம்புதான் பூனை. எல்லாரும் சிரிக்கிறார்கள், நானும் வயிறு வலிக்கச் சிரித்தேன். சிரித்த பிறகுதான் கவனித்தேன், எனக்குச் சத்தமே வரவில்லை. வெறும் காற்று. தோள் குலுங்குகிறது, கண்ணில் தண்ணீர் வருகிறது, அறையில் ஒரு ஓசையும் இல்லை. என் சிரிப்பு எப்படி இருந்தது என்று யோசித்துப் பார்த்தேன், சட்டென்று நினைவுக்கு வரவில்லை. பேச்சுக் குரலாவது பழைய வீடியோக்களில் இருக்கிறது. அதில் எங்கேயாவது சிரித்திருப்பேனா, தேடிப் பார்க்க வேண்டும்.

இரண்டாம் ஆட்டம். திரை இருட்டானது, ஒரு பூனைப் பாதம் மெல்ல வந்து நின்றது. நான்தான். நிஜமாகவே யார் வீட்டிலோ திருடப் புகுந்துவிட்டது போல இருந்தது. ஒன்றும் தின்னாமல் நல்ல பிள்ளையாகச் சமைத்துக்கொண்டே இருந்துவிட்டால் என்ன? யாரும் மணி அடிக்க மாட்டார்கள், யாரும் கேட்க மாட்டார்கள், நான் பேச வேண்டாம், ஆட்டம் முடிந்துவிடும், தோற்றுவிடுவேன், அவ்வளவுதானே. தோற்பதில் எனக்கு என்ன நஷ்டம்? இப்படி யோசித்துக்கொண்டே கேக் தட்டுக்குப் பக்கத்தில் வந்துவிட்டேன். ஏன் வந்தேன்? ரோஜா நிறத்தில் ஒரு கேக், மேலே செர்ரி. ஷமீலா கஷ்டப்பட்டு அடுக்கியது, அவள் மாவு எடுக்க அந்தக் கோடிக்குப் போயிருக்கிறாள். சுற்றிப் பார்த்தேன், ஒருத்தரும் இல்லை. இந்த ஆசை எங்கிருந்து வருகிறது என்று தெரியவில்லை, எனக்குக் கேக்கே பிடிக்காது. மாட்டிக்கொண்டால் என்ன ஆகும் என்று பார்க்கும் ஆசையாக இருக்கலாம். சின்ன வயதில் அடுப்புத் தணலைத் தொட்டுப் பார்த்தேனாம், சுடும் என்று அம்மா சொன்னதற்குப் பிறகு, சுடுகிறதா என்று பார்க்க. பொத்தானை அழுத்தினேன். லபக். தட்டு காலி. திரும்பி அடுப்புப் பக்கம் ஓடினேன், வழியில் மஞ்சள் பொம்மை கதவுக்குள் நுழைந்துகொண்டிருந்தது, இரண்டு பேரும் முட்டிக்கொண்டு நின்றோம். நான் குதித்தேன். அவள் குதிக்கவில்லை. அவள் தட்டைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

மணி. மேசையைச் சுற்றி நாலு பொம்மை. "கேக்கு போச்சு," என்றாள் வேம்பு, "நான் உள்ள வாரேன், இவ வெளிய ஓடுதா. அரசி, எந்திரி." "அவளுக்கு மைக் வேலை செய்யலடி," என்றாள் ஷமீலா. "அதெல்லாம் வேலை செய்யும். சட்டம்னா எல்லாருக்கும் ஒண்ணுதான். சொல்லட்டும், இல்லேன்னா கடலு." ஜெஸிந்தா கொஞ்சம் தணிந்து, "அரசி, உனக்கு இஷ்டமில்லைன்னா விட்டுடலாம்டி, ஒண்ணும் இல்ல," என்றாள். அந்தத் தணிந்த குரல். அது வந்துவிட்டது, நான் வாயைத் திறப்பதற்கு முன்பே வந்துவிட்டது. பேசினாலும் அதுதான், பேசாவிட்டாலும் அதுதான் என்றால் பேசித்தான் பார்ப்போமே? திரையின் மேல் ஒரு கடிகாரம் சுருங்கிக்கொண்டு வருகிறது. என்ன சொல்வது? பூனை என்று ஒப்புக்கொண்டுவிடலாம், ஒரே சொல், நான்தான், மூச்சுக்குள் அடங்கும். ஆனால் ஆட்டம் என்று வந்த பிறகு பொய் சொல்லாமல் தோற்பதில் என்ன மானம் இருக்கிறது? நாலைந்து சொல்லுக்குள் ஒரு பொய் வேண்டும். நான் எடுக்கலப்பா. இது மூன்று சொல் வராது. அடுப்புகிட்ட இருந்தேன். அதையும் சேர்க்கலாம். முதுகை நிமிர்த்தி உட்கார், வயிற்றிலிருந்து காற்றை எடு, முகவாயைத் தாழ்த்து என்று அந்தச் சிகிச்சைப் பெண் சொல்வாள். நிமிர்ந்தேன். உள்ளறையில் இவர் புரண்டு படுக்கும் சத்தம். கண்டக்டர் அண்ணே, தயவுசெய்து இரண்டாகப் பிளக்காமல் வந்து சேருங்கள். நான் ஒரு வரி எழுதி அனுப்பினாலே அதை ஒரு வாரம் யோசிக்கிற ஜெஸிந்தா இதைக் கேட்டால் என்ன செய்வாள், அழுவாளா? அழுதால் நான் இந்தப் போனை அணைத்து வைத்துவிட்டுப் போய்ப் பாத்திரம் தேய்ப்பேன், பிறகு இந்தக் குழுவில் பிறந்தநாள் வாழ்த்து மட்டும் போடுவேன், அவர்களும் கேக் படம் போடுவார்கள், அப்படியே முடியும். எத்தனையோ பேருக்கு அப்படி முடிந்திருக்கிறது. முடிந்துவிடுமா என்று தெரிந்தாக வேண்டும், தெரியாமல் ஓட்டிய இத்தனை நாள் போதும். சிவப்புக் கோட்டின் மேல் தொட்டேன், கோடு போய்விட்டது, காதில் என் அறையின் மின்விசிறியே எனக்குக் கேட்டது. "நான் எடுக்கலப்பா, நீங்களே பாருங்க, அடுப்புகிட்ட..." என்றேன். எடுக்கலப்பா கரகரத்தது, நீங்களே இரண்டாகப் பிளந்தது, அடுப்பு என்பது வெறும் காற்றாகப் போய் அதோடு மூச்சு தீர்ந்தது. மீதிச் சொல் தொண்டைக்குள்ளேயே நின்றுவிட்டது. நான் அந்த நொடிக்காகக் காத்திருந்தேன்.

"பொய்!" என்றாள் வேம்பு.

ஓட்டை விழவே இல்லை. என் கடைசிக் காற்று முடிவதற்குள் அவள் பாய்ந்துவிட்டாள். "பொய் சொல்லுதாடி! பச்சப் பொய்! போடு கடல்ல!" எனக்கு ஒன்றும் புரியவில்லை. குரலே இல்லாத ஒருத்தியின் குரலில் எதைக் கண்டுபிடித்தாள் இவள்? அழுவதா சிரிப்பதா என்று தெரியாமல், மைக் திறந்திருப்பதையே மறந்து, "எப்படிடி தெரியும்?" என்று கேட்டுவிட்டேன், இன்னும் மோசமான ஒரு கரகரப்பில். "எப்படித் தெரியுமா? நீங்களே பாருங்கன்னு சொன்னேல்லா? நீ என்னைக்கு ஏட்டி எங்களுக்கு மரியாத குடுத்த? நெசத்தச் சொன்னா எங்கள ஏசிட்டுல்லா ஆரம்பிப்ப. வார்டன்கிட்ட பொய் சொல்லயிலயும் இப்படித்தான், வாங்க போங்கன்னு தேனா ஒழுகும். உனக்கு மரியாத வந்தாலே பொய்னு அர்த்தம்." "ஆமாடி, ஆமா!" என்று ஷமீலா தோஹாவிலிருந்து கத்தினாள். "ஹாஸ்டல்ல கொலுசு காணாமப் போனப்பவும் இப்படித்தான் பேசுனா!" இது எனக்கே தெரியாது. இத்தனை வருஷமாக என் பொய்க்கு ஒரு மணம் இருந்திருக்கிறது, மூன்று பேருக்கும் தெரிந்திருக்கிறது, ஒருத்தியும் என்னிடம் சொல்லவில்லை, உபயோகமாக இருக்கட்டும் என்று பத்திரமாக வைத்திருந்திருக்கிறார்கள். குரல் போனாலும் அது போகவில்லை. டாக்டர் படத்தில் இரண்டு கதவு வரைந்தார், இது அந்தக் கதவுகளுக்கு எந்தப் பக்கம் இருக்கிறது என்று அவரைக் கேட்க வேண்டும். மூன்று ஓட்டும் எனக்கே விழுந்தது. நானும் எனக்கே போட்டிருந்தேன், பதற்றத்தில் எதை அழுத்துகிறோம் என்று தெரியாமல், அதற்கும் ஒரு சிரிப்பு. ஆரஞ்சுப் பொம்மை கை கால் உதைத்துக்கொண்டு பறந்தது. ஆரஞ்சுதான் பூனை என்று திரையில் வந்தது, ஆட்டம் முடிந்தது, நாலு பேரும் மறுபடி மேல்தளத்தில் வந்து நின்றோம், எல்லா மைக்கும் திறந்திருந்தது.

கூச்சல் அடங்கியது. அப்போதுதான், கொஞ்சம் தாமதமாக, ஷமீலாவுக்குத் தட்டியிருக்கிறது. "அது சரி," என்றாள், "தொண்டைக்கு என்னடி ஆச்சு?" அமைதி. நான் பயந்துகொண்டிருந்த அதே அமைதிதான், ஆனால் இப்போது உற்றுக் கேட்டேன், இது வேறு மாதிரி இருந்தது. யாரும் இதை மூட அவசரப்படவில்லை. காரைக்காலில் எங்கேயோ ஒரு காக்கை கத்தியது. ஜெஸிந்தா மூச்சு விடுவது கேட்டது. பச்சைப் பொம்மை இரண்டடி நடந்து வந்து எனக்குப் பக்கத்தில் நின்றது. கோபம் என்று நினைத்துக்கொண்டிருந்ததற்குள் என்ன இருந்தது என்று இந்தக் கணத்தில்தான் மூன்று பேரும் கணக்குப் போட்டுக்கொண்டிருக்கிறார்கள். எங்கிருந்து ஆரம்பிப்பது? காகிதத்தில் வரைந்த இரண்டு கதவிலிருந்தா, கொரியர்காரரிடமிருந்தா, இவர் கிசுகிசுப்பதிலிருந்தா? எல்லாவற்றையும் சொல்ல வேண்டும் போல இருந்தது. எல்லாவற்றையும் சொல்ல எனக்கு நிறைய மூச்சு வேண்டும், இடையிடையே நிறுத்த வேண்டும், அது பிளக்கும், உடையும், சில சொல் வரவே வராது. வரட்டும்.

"சொல்றேன்," என்றேன். மூச்சு எடுத்துக்கொண்டேன். "குறுக்க பேசாமக் கேளுங்கடி, எருமைங்களா."

"இது நெசம்," என்றாள் வேம்பு.